பேனிக் அட்டாக்குக்கு ரெண்டு தெரபிஸ்ட் பார்த்த அனுபவம்

சிபிடி (நெனப்பையும் பழக்கத்தையும் மாத்தப் பாக்குற பேச்சு சிகிச்சை) நல்லதா, சைக்கோடைனமிக் (பழைய அனுபவங்களையும் மனசுக்குள்ள புதைஞ்சு கெடக்கறதையும் பேசிப் பாக்குற சிகிச்சை) நல்லதா, எதுக்குப் போறதுன்னு குழம்பிட்டு இருக்கறவங்களுக்காக எழுதுறேன், நானும் ராத்திரி பூரா இதையே கூகுள்ல தேடிட்டுக் கெடந்தவன்தான்.

எனக்கு இருந்தது பேனிக் அட்டாக். நெஞ்சு படபடன்னு அடிச்சு கை மரத்துப்போய் இதோ போயிட்டோம்டான்னு தோணும். ஈசிஜி, எக்கோ, தைராய்டு எல்லாம் நார்மல். அம்மா ஒரு பக்கம் மந்திரிச்சு கயிறு கட்டி விட்டாங்க, அதுலயும் ஒரு வாரம் நல்லாத்தான் இருந்துச்சு, அதை அப்பறம் சொல்றேன்.

மொதல்ல பார்த்தவர் சிபிடி பண்றவர். உக்காந்த உடனே ஒரு ஷீட் குடுத்தார், என்ன நடந்துச்சு, என்ன நெனச்சீங்க, அதுக்கு என்ன ஆதாரம்னு கட்டம் கட்டமா இருக்கும். நான் ஃபில் பண்ணிட்டுப் போவேன், அவர் பார்த்துட்டு அடுத்த ஷீட் குடுப்பார். இதை எதுக்கு எழுதுறோம்னு கடைசி வரைக்கும் பேச்சே வரல. நாளாக ஆக போறதே கடுப்பாகி நின்னுட்டேன்.

ரெண்டாவது ஒரு மேடம். அவங்களும் சிபிடிதான், இதுதான் வேடிக்கையே! ஆனா மொத நாள் கேட்டது, "என்ன சரியானா இங்க வர்றத நிறுத்திடுவீங்க?" தனியா பஸ் ஏறி மதுரைல இருந்து திருச்சி போயிட்டு வரணும் மேடம்னேன், அதை அப்படியே எழுதிக்கிட்டாங்க. அப்பறம் பேப்பர்ல ஒரு வட்டம் போட்டு, படபடப்பு வருது, ஹார்ட் அட்டாக்னு நெனைக்கிறீங்க, அந்த பயத்துல இன்னும் படபடப்பு ஏறுது, அதனால அந்த படபடப்பை நாமளே வேணும்னு வரவழைச்சு ஒண்ணும் ஆகாதுன்னு உடம்புக்குக் காட்டணும்னு சொல்லி, என்னைய சுத்துற சேர்ல உக்கார வச்சு சுத்தச் சொன்னாங்க. எனக்குக் கோவம் வந்துருச்சு, கேலி பண்ற மாதிரி இருக்கு மேடம்னு மூஞ்சிக்கு நேராவே சொல்லிட்டேன். அவங்க கோச்சுக்கல, "நான்தான் அவசரப்பட்டுட்டேன், சொன்னது நல்லதாப் போச்சு"ன்னாங்க. அடுத்த வாரம் அவங்களும் இன்னொரு சேர்ல உக்காந்து கூடவே சுத்துனாங்க, கண்ணாடி மூக்கு நுனிக்கு வந்துருச்சு, எனக்கு தலை சுத்தலோட சிரிப்பும் வந்துருச்சு. எனக்கு வேலை செய்ய ஆரம்பிச்சது அங்கதான்.

ஒரே சிபிடி, ஒருத்தர்கிட்ட வேலை செய்யல, இன்னொருத்தர்கிட்ட செஞ்சுச்சு; அப்பறம் படிச்சுப் பார்த்தா, முறையை விட மத்த விஷயங்கள்தான் முக்கியமோங்கற இந்தப் பேச்சு பழைய விஷயம். 1936லயே ரோசன்ஸ்வைக்னு ஒரு அமெரிக்க சைக்காலஜிஸ்ட், எல்லா முறைக்கும் பொதுவா இருக்கற அம்சங்கள்தான் குணமாக்குதோன்னு எழுதியிருக்கார். 1977ல ஸ்மித், கிளாஸ்னு ரெண்டு ஆராய்ச்சியாளர்கள் 375 ஆய்வுகளைச் சேர்த்துப் பார்த்ததுல தெரபி பலன் தருது, ஆனா முறைக்கு முறை பெரிய வித்தியாசம் இல்லைன்னு வந்துச்சு. 1979ல போர்டின்னு ஒரு சைக்காலஜிஸ்ட், தெரபிஸ்ட்டுக்கும் வர்றவங்களுக்கும் நடுவுல மூணு வேணும்னு சொல்றார், ரெண்டு பேருக்கும் நடுவுல ஒரு ஒட்டுதல், எங்க போய் சேரணும்னு ஒத்துப்போறது, அதுக்கு என்ன செய்யப் போறோம்னு ஒத்துப்போறது. ஷீட்டுக்காரர்கிட்ட எனக்கு இந்த மூணுமே இல்ல. கயிறு விஷயம்? ஜெரோம் ஃபிராங்க்னு ஒரு அமெரிக்க சைக்கியாட்ரிஸ்ட் 1961லயே சொல்லிட்டார், நம்புற ஒரு ஆளு, அதுக்குன்னு ஒரு இடம், ஏன் இப்படி ஆச்சுன்னு ஒரு விளக்கம், அதுக்கு ஒரு சடங்கு, இது மந்திரவாதிக்கும் உண்டு தெரபிஸ்ட்டுக்கும் உண்டு. (அம்மாகிட்ட இதைச் சொல்லல, சொன்னா இன்னொரு கயிறு வரும்.)

அதுக்காக எந்த முறையும் ஒண்ணுதான்னு எடுத்துக்காதீங்க. ஓசிடி (வேண்டாத நெனப்பு திரும்பத் திரும்ப வந்து, அதுக்காக ஒரே செயலைத் திரும்பத் திரும்பச் செய்ய வைக்கிற பிரச்சனை), ஃபோபியா (ஒரு குறிப்பிட்ட விஷயத்துமேல அளவுக்கு மீறின பயம்) மாதிரி விஷயத்துக்கு பயப்படுறதை நேரா சந்திக்க வைக்கிற எக்ஸ்போஷர் இல்லாம வெறும் அன்பா பேசிட்டே இருந்தா பத்தாது, எனக்கே அந்த சேர் தேவைப்பட்டுச்சு. மாத்திரை வேணுமாங்கறது சைக்கியாட்ரிஸ்ட் சொல்ல வேண்டியது.

புதுசா போறவங்க மொத சில செஷன்லயே இதை எதுக்குப் பண்றோம்னு கேளுங்க, பிடிக்கலைன்னா சொல்லிப் பாருங்க, அவங்க அதை எப்படி எடுத்துக்கறாங்கன்னு கவனிங்க. ஃபீஸ் கட்டுபடி ஆகலைன்னா டெலி மானஸ்னு அரசோட மனநல ஹெல்ப்லைன் 14416 இருக்கு, ஃப்ரீதான், தமிழ்லயே பேசலாம். திருச்சி போயிட்டு வந்துட்டேன், விராலிமலை தாண்டும்போது லைட்டா படபடத்துச்சு, அப்பறம் தூங்கிட்டேன்.