களிமண் கொல்லையில் செவ்வரளி

அரளிக்கு வெயில் ஒரு பொருட்டே இல்லை. நான்குவழிச் சாலையின் நடுத்திட்டில், மேலே வெயிலும் கீழே தார்ச் சூடுமாக, லாரிப் புகைக்கு நடுவே அது பூத்து நிற்பதை எல்லோரும் பார்த்திருப்போம். சேலம் பனமரத்துப்பட்டிப் பக்கம் அதைப் பயிராகவே வைத்து, மொட்டு பறித்துச் சந்தைக்கு அனுப்புகிறார்கள். அந்த மேட்டு நிலத்துச் செடியை எங்கள் நீடாமங்கலம் பக்கத்துக் கொல்லையில் வைத்தால் கதை வேறு. இங்கே அதற்குச் சோதனைக் காலம் ஐப்பசியும் கார்த்திகையும்தான்.

எங்கள் மண் வெண்ணாறு கொண்டுவந்த வண்டலும் களியும். ஈரத்தில் உருட்டினால் கோலிக்குண்டு பிடிக்கலாம், காய்ந்தால் விரல் நுழையும் அளவுக்கு வெடிக்கும். அடைமழை பிடித்துக்கொண்டால் தண்ணீர் கீழே இறங்காமல் அப்படியே நிற்கும். அரளி வேர் தண்ணீர் இல்லாமல் இருந்துவிடும், காற்று இல்லாமல் இருக்காது. நீர் தேங்கினால் அடி இலைகள் மஞ்சளாகி உதிரும், நுனி தொங்கும். பார்ப்பவருக்கு வாட்டம் மாதிரியே தெரியும், உடனே இன்னொரு குடம் ஊற்றத் தோன்றும். அதோடு வேர் அழுகிவிடும்.

அதனால் குழி வெட்டவில்லை, மேடு கட்டினேன். அடியில் செங்கல் உடைசல், அதன்மேல் கொல்லை மண், ஆற்று மணல், மக்கிய சாண எரு மூன்றும் கலந்து முழங்கால் உயரத்துக்கு. வேலியோரமாக நீளவாக்கில் வரப்பு மாதிரி போட்டு, இரண்டு பக்கமும் கை அகலத்துக்கு ஒரு வடிகால் இழுத்து, கோடியில் வாய்க்காலில் விழும்படி விட்டேன். செய்த வேலையில் பாதி இதுதான். சொல்லப்போனால் மற்றதெல்லாம் செடி தானாகச் செய்துகொண்டது.

கன்று விலைக்கு வாங்கத் தேவையில்லை. பென்சில் பருமனில், ஒரு சாண் நீளத்துக்கு, பாதி முற்றிய குச்சியாக வெட்டி, அடி இலைகளைக் கழித்துவிட்டு ஈர மணலில் சொருகினால் போதும். சிலதைத் தண்ணீர் பாட்டிலிலும் போட்டு வைத்தேன். குச்சியின் தோலில் முதலில் வெள்ளையாகப் புள்ளி புள்ளியாகத் தடிக்கும், அப்புறம் அந்த இடத்திலிருந்து வேர் நூலாக நீளும். அதைப் பார்ப்பதற்காகவே பாட்டிலில் ஒன்றிரண்டு போடலாம். ஆனால் மணலில் பிடித்த கன்றுதான் மேட்டுக்கு மாற்றியதும் சுணங்காமல் கிளம்பியது.

மேட்டூர் அணையை ஜனவரி 28-ல் மூடுவது வழக்கம். அதற்கப்புறம் எங்கள் வாய்க்கால் காய்ந்துவிடும், சித்திரை வைகாசியில் மல்லிகைக்குத் தினமும் தண்ணீர் கேட்கும். அரளிக்கு அடியில் வைக்கோல் பரப்பிவிட்டு வாரம் ஒரு முறை விட்டதே தாராளம். எப்படித் தாங்குகிறது என்று ஓர் இலையைத் திருப்பி லென்ஸ் வைத்துப் பார்த்தேன். மேற்புறம் தோல் மாதிரி தடிப்பு. பின்புறம், நடு நரம்பிலிருந்து ஓரம்வரை நெருக்கமாக ஓடும் கோடுகளுக்கு இடையே சின்னச் சின்னக் குழிகள், குழிக்குள் மெல்லிய ரோமம். இலை மூச்சுவிடும் துளைகள் அந்தக் குழிக்குள் ஒளிந்திருப்பதால் அனல்காற்று நேரே பட்டு ஈரத்தை உறிஞ்ச முடியாது. இலைக்குள் இவ்வளவு ஏற்பாடா என்று அன்று முழுவதும் அதே நினைப்பு.

கவாத்து தை மாதத்தில். அரளி புதுத் துளிரின் நுனியில்தான் பூக்கும், வெட்டாமல் விட்டால் ஓங்கி வளர்ந்து உச்சாணியில் மட்டும் பூ நிற்கும். பெரும்பாலும் கணுவுக்கு மூன்று இலை. அந்தக் கணுவுக்குச் சற்று மேலே வெட்டினால் இரண்டு, மூன்று கிளையாகப் பிரிகிறது.

துளிர் வந்ததும் மஞ்சள் அசுவினிப் பூச்சி அப்பும். மருந்து அடிக்கவில்லை. தண்ணீரைப் பீய்ச்சிக் கழுவிவிட்டேன், மிச்சத்தைப் பொறிவண்டு பார்த்துக்கொண்டது. அப்புறம் ஒரு நாள் இலைக்கு அடியில் வண்ணத்துப்பூச்சியின் கூட்டுப்புழு தொங்கியது. வெள்ளித் தகடு அடித்த மாதிரி ஒரே பளபளப்பு, குனிந்தால் என் சட்டை நிறம் அதில் தெரிந்தது. அரளியைத் தின்று வளரும் கருப்புப் பழுப்பு வண்ணத்துப்பூச்சி அது. இலை போனால் போகட்டும், அதற்காக அந்தக் கிளையை வெட்டாமல் விட்டுவைத்தேன்.

ஒரு விஷயத்தில் மட்டும் சமரசமே கிடையாது. வேர் முதல் பூ வரை எல்லாமே விஷம், இதயத் துடிப்பையே குலைக்கும். ஆடு மாடு பச்சை இலையைப் பெரும்பாலும் தொடாது, வேலிக்கு அது வசதி. ஆனால் காய்ந்த இலை வைக்கோலோடு கலந்துவிட்டால் மாடு தெரியாமல் தின்றுவிடும், காய்ந்தாலும் விஷம் போகாது. கவாத்துக் கழிவை எரிக்கவும் கூடாது, புகையும் கெடுதல். நான் கையுறை போட்டு வெட்டி, தொழுவத்துக்கு எட்டாத மூலையில் ஆழமாகப் புதைக்கிறேன். சின்னக் குழந்தைகள் ஓடியாடும் வீடு என்றால் அரளியே வேண்டாம்.

பக்கத்து வீட்டுப் பெரியம்மா ஆரம்பத்தில், “அரளியெல்லாம் வீட்டுல ஆகாது தம்பி, கோயில்ல இருக்க வேண்டியது” என்றார். திருவாரூர்ப் பக்கம் திருக்கரவீரத்தில் தல விருட்சமே செவ்வரளிதான் என்றேன். “அதான் சொல்றேன், சாமி மரம்” என்றார். இப்போது செவ்வாய்க்கிழமை ராகு காலத்துக்கு முன்னால் கூடையோடு வந்துவிடுகிறார், துர்க்கைக்கு மாலை கட்ட. பட்டீஸ்வரம் போகிற நாளென்றால் முந்தின மாலையே மொட்டாகப் பறித்துக்கொள்வார், ஈரத்துணியில் சுற்றி வைத்தால் காலையில் விரியும் என்று.

கடைசியாக வந்த அடைமழையில் வடிகால் மூன்றாவது செடிக்குப் பக்கத்தில் மண் சரிந்து அடைத்துக்கொண்டது, அந்தச் செடியில் மட்டும் நாலைந்து இலை மஞ்சளானது. அடைப்பை எடுத்ததும் மஞ்சள் பரவாமல் நின்றுவிட்டது. அந்த இடத்தில் பாதி பிளந்த மூங்கிலைப் பதிக்கப்போகிறேன். தையில் வெட்டும் குச்சிகளில் பெரியம்மாவுக்கும் பங்கு உண்டு. அவர் கொல்லையில் மேடு கட்ட, தொழுவத்திலிருந்து தள்ளி தெற்கு ஓரத்தில் இடம் பார்த்து வைத்திருக்கிறோம்.