அளவு தப்பினால் 9 கிலோ வீல்சேரும் கனக்கும்

வீல்சேர் விசாரிக்கிறவர்கள் பெரும்பாலும் முதலில் கேட்பது "எத்தனை கிலோ?" என்றுதான். கேளுங்கள், தவறில்லை. பதிலாக வரும் எண்ணில் எதெல்லாம் அடக்கம் என்பதையும் சேர்த்துக் கேளுங்கள். பின்சக்கரம், குஷன், பக்கத் தடுப்பு எல்லாவற்றையும் கழற்றிவிட்டு வெறும் ஃபிரேமின் எடையை மட்டும் விளம்பரத்தில் போடும் வழக்கம் உண்டு. ஆஸ்பத்திரி வராண்டாவில் நிற்கும் இரும்பு வீல்சேர் 18 முதல் 20 கிலோ இருக்கும். தானே தள்ளிக்கொண்டு வேலைக்கும் கடைக்கும் போய்வருகிறவருக்கான ஆக்டிவ் வீல்சேர் முழுதாகப் பூட்டிய நிலையில் 9 முதல் 14 கிலோ.

காரில் தூக்கி வைக்கும்போது இந்த வித்தியாசம் நன்றாகத் தெரியும். சமதரையில் உருளும்போது கணக்கு வேறு. 65 கிலோ ஆள், 20 கிலோ வண்டி என்றால் மொத்தம் 85. வண்டியை 12 கிலோவாக்கினால் 77. பத்தில் ஒரு பங்குகூடக் குறையவில்லை. அப்படியானால் ஆக்டிவ் வீல்சேர் ஏன் ஒரு தள்ளுக்கு அவ்வளவு தூரம் ஓடுகிறது? அந்த எடை எந்தச் சக்கரத்தின் மேல் விழுகிறது என்பதால்தான்.

முன்னால் இருக்கும் சின்னச் சக்கரத்துக்கு உருளத் தடை அதிகம். ஒவ்வொரு கல்லிலும் தரை விரிசலிலும் அதுதான் இடிக்கும். ஆஸ்பத்திரி வீல்சேரில் பின்சக்கர அச்சு முதுகுக் குழாய்க்கு நேர் கீழே இருப்பதால், உட்கார்ந்திருப்பவரின் எடையில் பெரும்பகுதி முன்னால் சாய்கிறது. அச்சை முன்னுக்கு நகர்த்தினால் எடை பெரிய சக்கரத்தின் மேல் போகும், சக்கரத்தோடு சேர்த்துப் பிடித்துத் தள்ளும் கைவளையத்தின் முன்பகுதியும் கைக்கு எட்டும், ஒவ்வொரு தள்ளும் நீளமாகும், தள்ளுகளின் எண்ணிக்கை குறையும். பல வருடம் வீல்சேர் தள்ளியவர்களுக்குத் தோளும் மணிக்கட்டும் தேய்ந்து வலிப்பது மிகச் சாதாரணம். அதைத் தள்ளிப்போட இந்த ஒரு சரிசெய்தலைவிடப் பெரிய உதவி வேறில்லை என்பது என் உறுதியான கருத்து.

முன்னுக்கு நகர்த்த நகர்த்த வண்டி பின்னால் சாயும் சுபாவமும் கூடும். அதனால் ஒரு நேரத்தில் 1 செ.மீ.தான் நகர்த்த வேண்டும், பின்னால் ஒருவர் நின்றுகொண்டுதான் சோதிக்க வேண்டும். ஆரம்ப மாதங்களுக்குப் பின்சாய்வுத் தடுப்புச் சக்கரம் மாட்டிக்கொள்ளலாம். இரண்டு காலும் எடுக்கப்பட்டவர்களுக்கு இந்த விதி தலைகீழ். முன்னால் கால்களின் எடை இல்லாததால் அவர்களுக்கு அச்சு பின்னாலேயே இருக்க வேண்டும். முதுகில் பை மாட்டும் பழக்கம் இருந்தால் அந்தப் பையோடுதான் சோதிக்க வேண்டும். 5 கிலோ பை சாய்தளத்தில் ஆளையே மல்லாக்கத் தள்ளிவிடும்.

அச்சின் உயரத்துக்குச் சுலபமான சோதனை இருக்கிறது. நிமிர்ந்து உட்கார்ந்து கையைத் தொங்கவிட்டால் நடுவிரல் நுனி அச்சின் நடுவைத் தொட வேண்டும். கைவளையத்தின் உச்சியில் கை வைத்தால் முழங்கையில் மேல்கைக்கும் முன்கைக்கும் இடைப்பட்ட கோணம் 100 முதல் 120 டிகிரி இருக்க வேண்டும். இருக்கை அதிக உயரமானால் வளையத்தில் கொஞ்சம்தான் கைக்கு எட்டும். அதிகம் தாழ்ந்தால் தோள் வெளிப்பக்கம் தூக்கிக்கொள்ளும்.

இந்தச் சோதனைகள் எல்லாவற்றையும் குஷன் போட்டுத்தான் செய்ய வேண்டும். குஷனை முதலில் முடிவு செய்யுங்கள், மற்ற அளவெல்லாம் அதற்கு அப்புறம். 5 செ.மீ. நுரைக் குஷனுக்கு அளவெடுத்து வண்டி செய்துவிட்டு, பிறகு 10 செ.மீ. காற்றுக் குஷன் வாங்கிப் போட்டால் கால்மிதி, முதுகு, அச்சு மூன்றும் ஒரே அடியில் தப்பிவிடும். உட்காரும் இடத்தில் உணர்ச்சி இல்லாதவர்களுக்குக் குஷன் ஒரு வசதிப் பொருள் இல்லை, படுக்கைப்புண்ணுக்கும் உடம்புக்கும் நடுவில் இருக்கும் முக்கியமான தடுப்பு. காற்றுக் குஷனாக இருந்தால் ஆள் உட்கார்ந்த பிறகு அடியில் கையை நுழைத்துப் பாருங்கள். இடுப்பெலும்பின் முனைக்கும் அடித்தளத்துக்கும் இடையே 1.5 முதல் 2.5 செ.மீ. இடைவெளி வேண்டும். அதற்கும் குறைந்தால் எலும்பு தட்டும், கூடினால் ஆள் ஆடுவார்.

அளவெடுக்க மெத்தை உதவாது. கெட்டியான பெஞ்சில், பாதம் தரையில் பட, இடுப்பும் முழங்காலும் கணுக்காலும் 90 டிகிரியில் இருக்க, வழக்கமாகப் போடும் செருப்போ ஷூவோ போட்டு உட்கார வைக்க வேண்டும். டேப்பை உடம்பில் சுற்றக் கூடாது. இடுப்பின் இரு பக்கமும் கெட்டி அட்டைப் புத்தகம் ஒன்றைச் செங்குத்தாக அணைத்து, இரண்டுக்கும் நடுவில் எவ்வளவு என்று பாருங்கள். அதுவே இருக்கையின் அகலம். கூட்டினால் 1 செ.மீ., அதற்கு மேல் வேண்டாம்.

"கொஞ்சம் லூசாவே இருக்கட்டுமே" என்ற பேச்சுக்கு இடமே கொடுக்காதீர்கள். இதில்தான் அதிகம் கெடுகிறது. 36 செ.மீ. இடுப்புள்ளவரை 46 செ.மீ. இருக்கையில் உட்கார வைத்தால் பக்கத்துக்கு 5 செ.மீ. வெற்றிடம். இடுப்பு ஒரு பக்கமாகச் சரியும், அதை ஈடுகட்ட முதுகெலும்பு மறுபக்கம் வளையும், சரிந்த பக்கத்து எலும்பு முழு எடையையும் தாங்கும். சக்கரத்தை எட்டக் கையை அகட்ட வேண்டிவரும். வெளி அகலமும் அதே 10 செ.மீ. கூடும். நம் வீட்டுக் குளியலறைக் கதவுகள் பல இரண்டடியோ இரண்டரை அடியோதான். 56 செ.மீ. வண்டி நுழையும் இரண்டடிக் கதவில் 66 செ.மீ. வண்டி வாசலிலேயே நின்றுவிடும். வளரும் பிள்ளைகளுக்கென்றால் அகலத்தை மாற்றக்கூடிய ஃபிரேம் கேளுங்கள், பெரிய சைஸ் வாங்கித் தள்ளாதீர்கள்.

இருக்கையின் ஆழத்துக்கு, பிட்டத்தின் பின்பக்கத்திலிருந்து முழங்கால் மடிப்பு வரை அளந்து 4 அல்லது 5 செ.மீ. கழிக்கவும். இரண்டு காலையும் தனித்தனியாக அளக்கவும், வித்தியாசம் இருப்பது அபூர்வமில்லை. ஆழம் கூடினால் முழங்கால் மடிப்பில் விளிம்பு குத்தும், அதைத் தவிர்க்க ஆள் முன்னால் வழுக்கி, வால் எலும்பின் மேல் உட்காருவார். கால்மிதிக்கு, முழங்கால் மடிப்பிலிருந்து குதிகால் வரை. உயர்ந்துவிட்டால் தொடை தூக்கிக்கொண்டு எடை முழுதும் பிட்டத்தில் இறங்கும், தாழ்ந்துவிட்டால் வேகத்தடையில் உரசும். தரையிலிருந்து 5 செ.மீ. இருப்பது நல்லது.

முதுகுச் சாய்மானம் உயர்ந்திருந்தால் பாதுகாப்பு என்று குடும்பத்தினர் நினைப்பார்கள். தானே தள்ளுகிறவருக்கு அது தோள்பட்டை எலும்பை இடிக்கும் சுவர். அந்த எலும்பின் கீழ்முனைக்கு இரண்டு மூன்று விரற்கடை கீழே நிற்க வேண்டும். உடல்கட்டுப்பாடு நன்றாக உள்ளவருக்கு இடுப்பளவே போதும். முதுகுத்தண்டில் நெஞ்சுக்கு மேலே காயம்பட்டவருக்கு உயரம் தேவைப்படும், அதைப் பிசியோதெரபிஸ்ட்டோடு உட்கார்ந்து முடிவு செய்வதே சரி.

இருக்கை முன்பக்கம் சற்று உயர்ந்து பின்பக்கம் தாழ்ந்திருக்கும் சரிவு 2 முதல் 5 செ.மீ. வைக்கலாம். வயிற்றுத் தசை வலுவில்லாதவரை அது பிடித்து நிறுத்தும். அதற்கு மேல் போனால் கட்டிலுக்கு மாறும்போது குழிக்குள்ளிருந்து எழும்புவது மாதிரி ஆகிவிடும். சக்கரங்கள் கீழே அகன்று சாய்ந்திருக்கும் கோணத்தையும் யோசித்துச் சொல்லுங்கள். 3 டிகிரி சாய்த்தால் மேல் அகலத்துக்கும் தரை அகலத்துக்கும் 6 செ.மீ. வித்தியாசம் வரும். திரும்புவது அருமையாக இருக்கும், குளியலறைக் கதவுதான் ஒத்துக்கொள்ளாது. வீட்டுப் புழக்கத்துக்கு 0 முதல் 2 டிகிரி போதும்.

மடக்கும் ஃபிரேமா, மடங்காததா? மடங்காததைத்தான் சொல்வேன். குறுக்குக் கம்பியும் அதன் மூட்டுகளும் எடையைக் கூட்டும், ஒவ்வொரு தள்ளிலும் கொஞ்சம் பலத்தை ஆட்டத்தில் தின்றுவிடும். மடங்காத ஃபிரேமில் பின்சக்கரங்களைப் பட்டன் அழுத்திக் கழற்றி, முதுகை முன்னால் மடித்தால் ஆட்டோவின் பின்சீட்டில் ஆளோடு சேர்ந்து போகும்.

இந்த மாதிரி வண்டிக்கு வெளிநாட்டையே நம்பியிருந்த காலம் மாறிவிட்டது. 1978-ல் கலிஃபோர்னியாவில் ஹேங் கிளைடர் விபத்தில் முதுகுத்தண்டு அடிபட்ட மர்லின் ஹாமில்டனுக்காக, கிளைடர் கட்டும் நண்பர்கள் இருவர் அதே அலுமினியக் குழாயில் சுமார் 12 கிலோவில் செய்து கொடுத்ததுதான் பின்னால் 'குவிக்கி' ஆனது. நமக்கு அது எட்டாத விலையிலேயே பல வருடம் இருந்தது. சென்னை ஐ.ஐ.டி.யில் மறுவாழ்வுக் கருவிகளை உருவாக்கும் டி.டி.கே. மையத்திலிருந்து வந்த நியோஃப்ளை என்ற வீல்சேர் 18 வகையில் ஆளுக்கேற்ப அளவு மாற்றித் தரப்படுகிறது. 2025-ல் அதே மையம் 9 கிலோ அளவில் ஒய்டி ஒன் வீல்சேரைக் கொண்டுவந்தது. உள்ளூரில் செய்ததென்றால் ஒரு பேரிங் போனால் மாதக்கணக்கில் காத்திருக்க வேண்டியதில்லை. எனக்கு இது சின்ன விஷயமாகத் தெரியவில்லை.

டயரில் ஒரு தகவலை ஆர்டர் செய்யும் முன்பே தெரிந்துகொள்ளுங்கள். 24 அங்குல வீல்சேர் சக்கரத்தின் ரிம் 540 மி.மீ. அந்த டயரும் டியூபும் நம் சைக்கிள் கடைகளில் எளிதில் கிடைக்காது. 25 அங்குலச் சக்கரத்தின் ரிம் 559 மி.மீ., அதாவது 26 அங்குல மவுன்டன் பைக்கின் ரிம் அளவேதான். 559 டயரைச் சைக்கிள் கடைகளில் கேட்டு வாங்குவது அதைவிடச் சுலபம். 26 x 1 3/8 என்று போட்ட சாதா சைக்கிள் டயர் வேறு அளவு, அது உட்காராது. டயர் பக்கவாட்டில் அச்சிட்ட மூன்றிலக்க எண்ணைப் பார்த்து வாங்குங்கள். முன்சக்கரம் 4 அங்குலம் மொசைக் தரையில் அழகாகத் திரும்பும், தெருவில் ஒவ்வொரு பள்ளத்திலும் மாட்டும். நம் சாலைக்கு 5 அல்லது 6 அங்குலம்.

காற்றைக் கவனிக்காதவர்கள்தான் "பிரேக் பிடிக்கலை" என்று வருவார்கள். வீல்சேர் பிரேக் டயரின் மேல் அழுந்தித்தான் பிடிக்கிறது. காற்று இறங்கினால் டயர் விலகிப்போகும், கட்டிலுக்கு மாறும் நேரத்தில் வண்டி நழுவும். ஒல்லி டயருக்கு 100 பி.எஸ்.ஐ. வரை தேவைப்படும், எவ்வளவு என்பது டயரிலேயே எழுதியிருக்கும். கருவேல முள் கிடக்கும் பாதையில் தினமும் போகிறவர் காற்றில்லா டயர் போட்டுக்கொள்ளலாம், கொஞ்சம் கனமாக உருளும்.

முன்சக்கரம் வேகத்தில் படபடவென்று உதறினால் அது திரும்புவதற்கு மேலே உள்ள தண்டின் நட்டு தளர்ந்திருக்கும், அல்லது பேரிங் போயிருக்கும், அல்லது தண்டு தரைக்குச் செங்குத்தாக இல்லை. பின் அச்சின் உயரத்தை மாற்றிய பிறகு இந்தச் செங்குத்தை மறுபடி சரிசெய்ய மறந்துவிடுவது வழக்கமான தப்பு. முன்சக்கர அச்சில் தலைமுடி சுற்றிக்கொள்ளும், மாதம் ஒருமுறை கழற்றி அறுத்தெடுக்கவும். அதில் பெரும்பாலும் 608 என்ற பேரிங்தான், ஸ்கேட்டிங் சாமான் விற்கும் கடையிலும் கிடைக்கும். சேலை, வேட்டி, துப்பட்டா கட்டுகிறவர்கள் கெட்டியான பக்கத் தடுப்பைக் கட்டாயம் கேட்டு வாங்குங்கள். முந்தானை ஸ்போக்கில் சிக்கினால் வண்டி அந்த இடத்திலேயே நின்று ஆள் முன்னால் விழுவார்.

வண்டி வந்த முதல் நாள் முழுக்க உட்கார வேண்டாம். ஒரு மணி நேரம் உட்கார்ந்து, இறங்கிப் படுத்து, பிட்டம், வால் எலும்பு, தொடையின் பின்பக்கம், குதிகால் எல்லாவற்றையும் கண்ணாடி வைத்தோ வீட்டாரைக் கொண்டோ பாருங்கள். நம் தோல் நிறத்தில் சிவப்பு சட்டென்று தெரியாது. கறுத்த திட்டு, தொட்டால் சூடு, சுற்றுப்புறத்தைவிடக் கெட்டியாக இருப்பது ஆகியவற்றைத் தேடுங்கள். அரை மணி நேரத்தில் அது மறையவில்லை என்றால் அந்த வண்டியில் மறுபடி உட்காராமல், அளவெடுத்தவரைக் கூப்பிட்டு, புண் வரும் முன்பே குஷனையும் கால்மிதியையும் மாற்றச் சொல்லுங்கள்.