பரணில் கிடந்த கேம் சிடிகளை விண்டோஸ் 11-ல் ஓடவைத்த கதை

போகிக்கு முந்தின நாள் பரணை ஒழிக்கும்போது ஒரு கறுப்பு சிடி பவுச் கிடைத்தது. அம்மா அதைக் காயலான் கடைக்குப் போகிற குவியலில் போட்டுவிட்டாள். அக்கா மகன்தான் அதிலிருந்து எடுத்து, ஜிப்போடு மல்லுக்கட்டித் திறந்து, "மாமா, இதெல்லாம் என்ன?" என்று கேட்டான். முப்பது சிடிகள் இருக்கும். நாலைந்துதான் காசு கொடுத்து வாங்கிய ஒரிஜினல், மீதியெல்லாம் காலேஜ் படிக்கும்போது தெருமுனை பிரௌசிங் சென்டரில் எழுதி வாங்கியவை. மேலே பால்பாயின்ட் பேனாவால் என் கோணல் கையெழுத்து. ஒன்றில் 'டேவ் + பிரின்ஸ் + எல்லாம்' என்று இருந்தது. பொங்கல் லீவு நாலு நாள் கையில் இருந்ததால், எல்லாவற்றையும் ஓட்டிக் காட்டுகிறேன் என்று வாய்விட்டுவிட்டேன்.

என் லேப்டாப்பில் சிடி போட இடமே கிடையாது. யுஎஸ்பியில் செருகும் டிவிடி டிரைவ் ஒன்றை நண்பனிடம் இரவல் வாங்கி வந்தேன். எதையும் நேராக சிடியிலிருந்து ஓட்டாமல் முதலில் ஹார்ட் டிஸ்க்குக்கு காப்பி எடுத்துவிட வேண்டும் என்று தோன்றியது நல்ல காலம், ஏனென்றால் பாதி சிடிகள் உயிரை விடும் நிலையில் இருந்தன.

இதில் எனக்கு இத்தனை வருடமாகத் தெரியாத ஒன்று. சிடியில் கீழ்ப்பக்கம் கீறல் விழுந்தால்தான் போச்சு என்று நினைத்துக்கொண்டிருந்தேன். உண்மையில் தகவல் இருக்கும் அடுக்கு மேல்பக்கத்தில், நாம் பெயர் எழுதுகிறோமே அந்தப் பக்கத்தில்தான், மெல்லிய வார்னிஷ் பூச்சுக்கு அடியில் இருக்கிறது. கீழே இருப்பது தடித்த பாலிகார்பனேட் பிளாஸ்டிக், அதில் விழுந்த கீறலைப் பாலிஷ் போட்டாவது சமாளிக்கலாம். நான் வருடக்கணக்காகப் பால்பாயின்ட் பேனாவை அழுத்தி எழுதியது தகவல் மேலேயே. ஒரு சிடியை வெளிச்சத்துக்கு நேராகப் பிடித்தபோது என் கையெழுத்து வழியாகவே ட்யூப் லைட் தெரிந்தது. அது எந்த கேம் என்று சொல்ல மனசு வரவில்லை.

'டேவ் + பிரின்ஸ் + எல்லாம்' பிழைத்திருந்தது. டிரைவ் பத்து நிமிடம் தறி மாதிரி சத்தம் போட்டது, அப்புறம் எல்லா ஃபைலும் வந்துவிட்டன. டேவை டபுள் கிளிக் செய்தேன். இந்த ஆப் உங்கள் கணினியில் ஓடாது என்று ஒரு நீலப் பட்டை வந்து நின்றது. பையன் என்னைப் பார்த்தான்.

காரணம் சிக்கலானது இல்லை. டேஞ்சரஸ் டேவ், பின்னாளில் டூம் என்ற துப்பாக்கி விளையாட்டைச் செய்தவர்களில் ஒருவரான ஜான் ரொமேரோ எழுதியது. 1988-ல் ஆப்பிள் 2 கணினிக்கு வந்து, அப்புறம் விண்டோஸுக்கு முந்தைய டாஸுக்கு வந்தது. டாஸ் நிரல்கள் 16-பிட். எக்ஸ்பி காலம் வரை நாம் பயன்படுத்திய 32-பிட் விண்டோஸில் இவற்றை ஓட்டுவதற்கென்றே ஓர் ஏற்பாடு உள்ளே இருந்தது. 64-பிட் விண்டோஸில் அது கிடையாது. விண்டோஸ் 11-க்கு 32-பிட் பதிப்பே வரவில்லை. ஆக, பழைய விண்டோஸ் மாதிரி நடிக்கும் கம்பாடிபிலிட்டி மோடில் விண்டோஸ் 95 என்று எத்தனை தடவை டிக் போட்டாலும் ஒன்றும் நடக்காது. நான் ஆறு தடவை போட்டேன்.

மருந்து டாஸ்பாக்ஸ். 2002-லிருந்து இருக்கிற இலவச மென்பொருள், டாஸ் ஓடிய பழைய பிசி ஒன்றை, சவுண்ட் பிளாஸ்டர் கார்டு உட்பட, மென்பொருளாகவே உருவாக்கித் தந்துவிடுகிறது. திறந்ததும் கறுப்புத் திரை, மினுக்கும் கர்சர். ஏதாவது ஒரு ஃபோல்டரைக் காட்டி இதுதான் உன் சி டிரைவ் என்று 'மவுன்ட்' கட்டளை கொடுக்க வேண்டும். இங்கே ஒரு சொந்தச் சூனியம் வைத்துக்கொண்டேன். ஆசையாக ஃபோல்டருக்குத் தமிழில் 'பழைய கேம்ஸ்' என்று பெயர் வைத்திருந்தேன், டாஸ்பாக்ஸில் தமிழ் தட்டச்சு செய்ய வழி கிடையாது. சரி என்று ஆங்கிலத்தில் நீளமாகப் பெயர் மாற்றி இன்னொரு ஃபோல்டருக்குள் வைத்தால், டாஸில் எட்டு எழுத்துக்கு மேல் பெயர் கிடையாது, மீதியை வெட்டிவிட்டு வால் மாதிரி ஒரு நெளிகோடும் 1-ம் போட்டுக் காட்டியது. கடைசியில் இரண்டே எழுத்தில் ஒரு பெயர் வைத்தேன்.

டேவ் ஓடியது. சிவப்புத் தொப்பி, கோப்பையை எடுத்ததும் கதவு வழியாகப் போ என்று கீழே வரும் வரி, எல்லாம் அப்படியே. ஸ்கூல் லேபில் கம்ப்யூட்டர் சார் வெளியே போன ஐந்து நிமிடத்துக்குள் எத்தனை லெவல் என்று போட்டி போட்டதெல்லாம் கை விரலுக்கு ஞாபகம் இருந்தது, எனக்குத்தான் மறந்திருந்தது.

அடுத்தது பிரின்ஸ் ஆஃப் பெர்சியா. ஜோர்டன் மெக்னர் தனியாளாக ஆப்பிள் 2-ல் எழுதி 1989-ல் வெளியான விளையாட்டு, டாஸ் பதிப்பு அதற்கடுத்த வருடம். தன் தம்பியை ஓடவிட்டு, குதிக்கவிட்டு வீடியோ எடுத்து, அதைப் பார்த்து ஒவ்வொரு அசைவாக வரைந்தார். இளவரசன் இன்றைக்கும் மனிதன் மாதிரி ஓடுவது அதனால்தான். ஆனால் என் திரையில் அவன் கொஞ்சம் குள்ளமாக, இடுப்பு பருத்துத் தெரிந்தான். எனக்குத்தான் வயதாகி அப்படித் தெரிகிறதோ என்று முதலில் விட்டுவிட்டேன். அப்புறம்தான் பிடிபட்டது. அந்தக் கால விளையாட்டுகளின் திரை 320-க்கு 200 புள்ளிகள். அது நாலுக்கு மூன்று விகிதமுள்ள பழைய மானிட்டரில் முழுதாக விரிந்ததால், ஒவ்வொரு புள்ளியும் அகலத்தைவிட உயரம் கூடுதலாக இருந்தது. இன்றைய திரையில் புள்ளிகள் சதுரம், அதனால் எல்லாரும் மேலிருந்து அமுக்கப்பட்டுவிடுகிறார்கள். டாஸ்பாக்ஸின் செட்டிங் ஃபைலில் 'ஆஸ்பெக்ட்' என்ற ஒரு வரியை 'ட்ரூ' என்று மாற்றினேன். இளவரசன் இளைத்துவிட்டான். இந்த நாலு நாளில் எனக்கு ரொம்பப் பிடித்த திருத்தம் இதுதான்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். அந்தக் கால நிரல்களில் சில பிராசஸர் வேகத்தையே கடிகாரமாக நம்பி எழுதப்பட்டவை. பழைய கேபினெட்டில் டர்போ என்று ஒரு பட்டன் இருக்குமே, பெயர் டர்போ என்றாலும் அதன் உபயோகமே இப்படிப்பட்ட நிரல்களுக்காக வேகத்தைக் குறைப்பதுதான். டாஸ்பாக்ஸில் அதற்குப் பதிலாக கன்ட்ரோலும் எஃப்11-ம் சேர்த்தால் வேகம் குறையும், எஃப்12 கூட்டும். டர்போ பாஸ்கல் என்ற நிரல்மொழியில் எழுதிய ஒரு குட்டி விளையாட்டு 'ரன்டைம் எரர் 200' என்று திறக்காமலேயே செத்தது. தொடங்கும்போது அது கணினியின் வேகத்தை அளக்கப் பார்க்கும், கணினி மிக வேகமாக இருந்தால் அந்த வகுத்தல் கணக்கே உடைந்து போகும். எஃப்11-ஐ விடாமல் அழுத்தி வேகத்தைக் குறைத்ததும் சாதுவாகத் திறந்தது.

மறுநாள் மத்தியானத்துக்குள் டாஸ் விளையாட்டுகள் எல்லாம் ஓடிவிட்டன. பழையதே இவ்வளவு சுலபம் என்றால் விண்டோஸ் 98 காலத்து கேம் ஊதித் தள்ளிவிடலாம் என்று பையனிடம் பெருமை பேசினேன். நடந்தது நேர் எதிர். டாஸ் விளையாட்டுக்கு அதன் உலகத்தையே முழுசாகச் செய்து கொடுத்துவிடுகிறோம், அதற்கு வெளியே என்ன நடக்கிறது என்றே தெரியாது. 1996-க்கும் 2003-க்கும் நடுவில் வந்தவையோ இன்றைய விண்டோஸில் நேராகவே ஓடப் பார்க்கின்றன, பாதி ஓடுகின்றன. அந்தப் பாதிதான் உயிரை வாங்கியது.

முதல் ஆள், பக்கத்து பைக்காரனைச் சங்கிலியால் அடித்துக் கீழே தள்ளும் அந்த விளையாட்டு. பெயர் சொல்லத் தேவையில்லை. கேம் என்னவோ 32-பிட்தான், ஆனால் அதை நிறுவும் செட்டப் ஃபைல் 16-பிட். அதே நீலப் பட்டை. சரி, சிடியில் இருப்பதைக் கையாலேயே காப்பி செய்துகொள்ளலாம் என்று செய்தால், நான் எங்கே நிறுவப்பட்டிருக்கிறேன் என்று கேம் விண்டோஸின் குறிப்பேடான ரெஜிஸ்ட்ரியில் தேடுகிறது. செட்டப் ஓடியிருந்தால் அங்கே எழுதி வைத்திருக்கும். நானே எழுதினேன். ஒரு சாயங்காலம் முழுக்க எழுதினேன், அழித்தேன், மறுபடி எழுதினேன், கேம் கண்டுகொள்ளவே இல்லை. 64-பிட் விண்டோஸில் 32-பிட் நிரல்களுக்கென்று 'வாவ்6432நோட்' என்று தனி அறை இருக்கிறது, அவை வாசல் என்று நினைத்து நுழைவது அந்த அறைக்குள்தான். நான் கடிதத்தைப் பக்கத்து வீட்டில் போட்டுக்கொண்டிருந்திருக்கிறேன். இடம் மாற்றியதும் உடனே எழுந்தது. பொங்கல் பானை பொங்கினபோது நான் ரெஜிஸ்ட்ரியில் இருந்தேன் என்று அக்கா இன்னும் சொல்லிக் காட்டுகிறாள்.

ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ், 1997-ல் வந்த முதல் பாகம், வேறு மாதிரிச் சோதித்தது. அது 256 நிறத்தில் வரையும் விளையாட்டு. எந்த எண்ணுக்கு எந்த நிறம் என்று ஒரு பட்டியல் வைத்துக்கொண்டு அதன்படி தீட்டும். அந்தப் பட்டியலில் வேறு எவனாவது கை வைத்துவிட்டால் புல் ஊதாவாகும், தண்ணீர் சிவக்கும். விண்டோஸ் 7-ல் இதற்காக டெஸ்க்டாப்பை நடத்தும் எக்ஸ்ப்ளோரரையே நிறுத்திவிட்டு விளையாடிய ஞாபகம் இருக்கிறது. இப்போது அந்தக் கூத்து வேண்டாம். சிஎன்சி-டிடிரா என்று ஒரு சின்ன டிஎல்எல் ஃபைல் (நிரல்கள் துணைக்குக் கூப்பிடும் ஃபைல்), அதை கேம் ஃபோல்டருக்குள் போட்டால் போதும். விண்டோஸ் தன்னுடைய ஃபைலைத் தேடிப் போவதற்கு முன் கேம் பக்கத்திலேயே இருப்பதை எடுத்துக்கொள்ளும், அந்த டிஎல்எல், கேம் பழைய பாணியில் கேட்பதை இன்றைய கிராஃபிக்ஸ் கார்டுக்குப் புரியும்படி மாற்றிச் சொல்லும். நடுவில், பல பேர் சேர்ந்து விளையாட உதவும் பழைய டைரக்ட்பிளே வேண்டும் என்று ஒரு பெட்டி வந்தது, விண்டோஸ் ஃபீச்சர்ஸில் லெகஸி காம்போனன்ட்ஸ் கீழே டிக் போட்டேன், அவ்வளவுதான். முப்பரிமாண விளையாட்டுகளுக்கு இதே வேலையை டிஜிவூடூ 2 செய்கிறது, அந்தக் கால 3டிஎஃப்எக்ஸ் கிராஃபிக்ஸ் கார்டைத் தேடி அழும் கேம்களையும் சேர்த்து. பூசாரி 'வொலோலோ' என்று பாடி எதிரி ஆளை மாற்றியபோது அடுக்களையிலிருந்து அம்மா, "அந்தச் சத்தம் இன்னும் இருக்காடா?" என்றாள்.

டூம்ப் ரெய்டர் முதல் பாகம் ஒரிஜினல் சிடி, 1996. இதை டாஸ்பாக்ஸிலேயே ஓட்டலாம். ஐஎஸ்ஓ, அதாவது சிடியின் நகலை ஒரே ஃபைலாக எடுத்து, ஏற்றி, ஓடியும்விட்டது, ஆனால் ஏதோ குறை. நாயகி லாரா நடக்கும் சத்தம், மூச்சு, தூரத்தில் ஓநாய், எல்லாம் சரி, இசை மட்டும் இல்லை. இது இப்படித்தானோ என்று அரைமணி நேரம் விளையாடியிருப்பேன். அந்த சிடியில் இசை என்பது ஃபைல் கிடையாது, பாட்டு சிடியில் இருக்கும் மாதிரி தனித் தனி ஆடியோ ட்ராக். ஐஎஸ்ஓ எடுத்தால் தகவல் இருக்கும் ட்ராக் மட்டும்தான் வரும். அதற்குப் பதிலாக 'பின்', 'கியூ' என்று இரண்டு ஃபைலாக எடுத்து, கியூ ஃபைலை 'இமேஜ்மவுன்ட்' கட்டளையில் கொடுக்க வேண்டும். மறுபடி டிரைவ் தறி ஓட்டியது. குகைக்குள் போனதும் அந்தச் சின்ன இசைத் துண்டு வந்தது பாருங்கள், நானும் பையனும் ஒரே நேரத்தில் நிமிர்ந்தோம்.

(இவ்வளவு பாடுபட வேண்டாம் என்றால் 2008-லிருந்து ஜிஓஜி தளத்தில் பழைய கேம்களைக் காசுக்கு விற்கிறார்கள், பூட்டு எதுவும் இல்லாமல். நிறைய டாஸ் கேம்களில் உள்ளே போய்ப் பார்த்தால் இருப்பது நம்ம டாஸ்பாக்ஸ்தான், செட்டிங் எல்லாம் போட்டுத் தருகிறார்கள்.)

தோற்ற கதையும் உண்டு. ஒரு கார் ரேஸ், அப்பா வாங்கித் தந்த ஒரிஜினல் பெட்டி. அதில் சேஃப்டிஸ்க் என்ற திருட்டுத் தடுப்புப் பூட்டு இருந்தது. சிடி அசல்தானா என்று பார்க்க அது விண்டோஸின் அடிமட்டத்தில் டிரைவர் என்ற ஒரு துணை நிரலை நம்பியிருந்தது. அந்த டிரைவரில் பாதுகாப்பு ஓட்டை இருந்ததால் 2015-ல் வந்த விண்டோஸ் 10-லேயே அது நீக்கப்பட்டுவிட்டது. அதனால் பவுச்சில் பிழைத்திருந்த திருட்டு சிடிகள் எல்லாம் ஓடின, காசு கொடுத்து வாங்கிய இது மட்டும் ஓடவில்லை. ஓட்டை உள்ள டிரைவரைத் திரும்ப உள்ளே விட எனக்கு விருப்பம் இல்லை. 86பாக்ஸ் என்ற மென்பொருளில் பென்டியம் காலத்து பிசி ஒன்றை முழுசாக உருவாக்கி, அதில் விண்டோஸ் 98 நிறுவிப் பார்த்தேன். மெமரி எண்ணுவதிலிருந்து எல்லாம் அச்சு அசல். ஆனால் இந்தப் பூட்டுக்கு சிடியின் நகல் போதவில்லை, அசலைக் காட்டு என்றது, லேப்டாப் விசிறியும் கிரைண்டர் மாதிரி கத்த ஆரம்பித்தது. விட்டுவிட்டேன். பெட்டி மட்டும் இப்போது புத்தக அலமாரியில் நிற்கிறது.

காணும் பொங்கல் அன்று மாலை பையன் பிரின்ஸில் இருந்தான். முதல் கட்டம் முடிந்ததும் ஒரு அறை முழுக்க மருந்துக் குடுவைகள் வரும், கையேட்டில் இத்தனையாவது பக்கத்தில் இருக்கும் சொல்லின் முதல் எழுத்து எதுவோ அந்தக் குடுவையைக் குடி என்று கேட்கும், அதுவும் அந்தக் காலத்துப் பூட்டுதான். எங்கள் காப்பியில் அதை யாரோ புண்ணியவான் எப்போதோ எடுத்துவிட்டிருந்தான். பையன் முள்ளில் விழுந்தான், கதவு நசுக்கியது, மறுபடி விழுந்தான். சேவ் எங்கே மாமா என்றான். மூன்றாவது கட்டம் வந்தால்தான் சேவ், மொத்தமே ஒரு மணி நேரம்தான் என்றேன். நம்பவில்லை. ஸ்பேஸ் பாரை அழுத்திப் பார் என்றேன். 31 நிமிடம் மிச்சம் என்று வந்தது. இரண்டாவது கட்டத்தில்தான் நின்றுகொண்டிருந்தான். கொஞ்ச நேரம் திரையையே பார்த்துவிட்டு, "முதலேயிருந்து போடு" என்று லேப்டாப்பை என் பக்கம் தள்ளினான்.