கூண்டு ஏற்றிய கேப்டன்

நாகையிலோ பாம்பனிலோ 'புயல் எச்சரிக்கைக் கூண்டு ஏற்றப்பட்டது' என்ற செய்தியைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு ராபர்ட் ஃபிட்ஸ்ராய் நினைவு வந்துவிடும். டார்வினை ஏற்றிக்கொண்டு உலகைச் சுற்றிய பீகிள் கப்பலின் கேப்டன் என்றுதான் பலருக்கும் அவரைத் தெரியும். நியூசிலாந்தில் கவர்னராகவும் கொஞ்சகாலம் இருந்தார், அது சரியாக அமையவில்லை.

எனக்குப் பெரிதாகப் படுவது அதற்கு அப்புறம் அவர் செய்த வேலைதான். 1859 அக்டோபரில் வேல்ஸ் கரையோரம் ராயல் சார்ட்டர் கப்பல் புயலில் உடைந்து 400 பேருக்கு மேல் செத்துப்போனார்கள். முன்கூட்டியே சொல்லியிருந்தால் பிழைத்திருப்பார்களே என்று அந்த மனுஷன் துடித்தார். 1861-ல் தந்தி மூலம் துறைமுகங்களுக்குப் புயல் எச்சரிக்கை அனுப்பத் தொடங்கினார். தந்தி வந்ததும் கொடிமரத்தில் கித்தான் துணியால் செய்த கூம்பை ஏற்றுவார்கள். முனை மேல்நோக்கி இருந்தால் வடக்கிலிருந்து காற்று, கீழ்நோக்கி இருந்தால் தெற்கிலிருந்து. எழுதப் படிக்கத் தெரியாத மீனவருக்கும் புரியும்!

அதே ஆண்டு ஆகஸ்டில் நாளிதழிலும் வானிலைக் கணிப்பு வெளியிட்டார். கணிப்பு தப்பியபோதெல்லாம் கேலி செய்தார்கள். சொத்தெல்லாம் கரைந்து, மனம் உடைந்து, 1865 ஏப்ரல் 30 அன்று தன் உயிரைத் தானே மாய்த்துக்கொண்டார். அடுத்த ஆண்டே எச்சரிக்கையை நிறுத்தினார்கள். கடலோடிகள் விடவில்லை. கேட்டுக் கேட்டு, 1867-ல் கூம்பு மறுபடி கொடிமரம் ஏறியது.