சாம்பலுக்குள் நின்ற மக்காச்சோள வயல்

எல் சால்வடோரின் தலைநகரான சான் சால்வடோருக்கு வடமேற்கே, சபோடிடான் பள்ளத்தாக்கில் ஹோயா தே செரேன் இருக்கிறது. பெரிய பிரமிடோ அரண்மனையோ இல்லாத இந்தச் சிற்றூரைப் போல, நடு அமெரிக்காவின் பழங்குடி நாகரிகத்தவரான மாயர் இனக் குடியானவர் அந்நாளில் பயிர் செய்த விதத்தைத் தெளிவாகக் காட்டும் இடம் வேறில்லை என்றே நான் கருதுகிறேன்.

கி.பி. 600-ஐ ஒட்டிய காலத்தில், மிக அருகிலிருந்த லோமா கால்டேரா எரிமலை வெடித்து ஊரைச் சாம்பலில் புதைத்தது. 1976-இல் தானியக் கிடங்கு கட்டுவதற்காக நிலத்தைச் சமன் செய்த புல்டோசர் ஒரு வீட்டை வெளிக்கொணர, 1978-இல் அமெரிக்கத் தொல்லியலாளர் பேசன் ஷீட்ஸ் ஆய்வைத் தொடங்கினார். ஈரமான நுண்சாம்பல் ஒவ்வொரு செடியையும் இறுகச் சூழ்ந்திருந்ததால், செடி மக்கிய பின்னும் அதன் வடிவம் வெற்றிடமாக எஞ்சியது. அந்தப் பொந்துகளில் பல் மருத்துவர்கள் பயன்படுத்தும் சாந்தை ஊற்றி மக்காச்சோளத் தட்டையையும் கதிரையும் வார்த்தெடுத்திருக்கிறார்கள்.

கூரை வேய்ந்து பாதுகாக்கப்படும் வீடுகளை ஒட்டியே மண்ணை அணைத்துக் கட்டிய பார்கள் வரிசையாக ஓடுவதைப் பார்த்து அங்கேயே வெகுநேரம் நின்றுவிட்டேன். காட்டை எரித்து, விதைத்து, மண் சலித்ததும் இடம் மாறுவதே மாயர் வேளாண்மை என்று படித்தவர்களுக்கு, வாசலிலேயே தொடங்கும் இந்த நிலையான வயல்கள் வேறொரு பாடத்தைச் சொல்கின்றன. முற்றிய கதிருள்ள தட்டைகளை அவர்கள் வெட்டவில்லை. கதிருக்குக் கீழே மடித்துத் தலைகீழாகத் தொங்கவிட்டிருந்தார்கள். அப்படிச் செய்தால் மழைநீர் தோகைக்குள் இறங்காது, பறவைகளுக்கும் கொத்துவது கடினம், கதிர் வயலிலேயே காயும். வெடிப்பு ஆகஸ்ட் வாக்கில் நிகழ்ந்திருக்க வேண்டும் என ஆய்வாளர்கள் கணித்ததற்குப் பயிரின் இந்த நிலையும் ஒரு சான்று. நடு அமெரிக்க உழவர்கள் இன்றும் இதையே செய்கிறார்கள். நான் வந்த சாலையோரத்திலும் மடித்த தட்டைகள் நின்ற வயல் ஒன்று இருந்தது.

மாயர் மக்காச்சோளத்தை மட்டுமே நம்பி வாழ்ந்தார்கள் என்ற எண்ணமும் இங்கே நிற்காது. வீடுகளில் அவரையினப் பயறும் மிளகாயும் சேமிப்பில் இருந்தன. தோட்டத்தில் நாருக்காகக் கற்றாழையினச் செடியை வளர்த்தார்கள். 2007-இல் ஊருக்குத் தெற்கே மரவள்ளிப் பாத்திகளும் வெளிப்பட்டன. கிழங்கை அகழ்ந்தெடுத்த கையோடு, அடுத்த போகத்துக்கான குச்சிகளையும் அவற்றில் ஊன்றியிருந்தார்கள்.