பரி தலாவில் ஒரு பனி ராத்திரி

மொரீஷியஸின் நடுமேட்டில் பனி மூட மார்கழி வர வேண்டியதில்லை. தென்கிழக்குக் கடற்காற்று ஈரத்தைச் சுமந்து வந்து மேட்டில் மோதி மேலே ஏறும். ஏற ஏறக் குளிர்ந்து மேகமாகிவிடும். மேட்டிலுள்ள கியூர்பீப் ஊரைத் தாண்டிப் போகிறவர்கள் பல நாள் அந்த மேகத்துக்குள்ளேதான் நடக்க வேண்டும். கடல் மட்டத்துக்குச் சுமார் 550 மீட்டர் மேலே, அணைந்துபோன எரிமலையின் வாயில் தேங்கி நிற்கிறது கங்கா தலாவ் ஏரி. அந்தக் காலத்தில் அதற்குப் பரி தலாவ் என்று பெயர். ராத்திரியில் தேவகன்னிகள் இறங்கி வந்து தண்ணீர்மேல் ஆடுவார்கள் என்று கதை.

சிவராத்திரிக்கு அங்கே போகும்போது என் தங்கை மகளையும் கூட்டிக்கொண்டேன். பத்து வயது. அவளுக்கென்று சொந்தமாக ஓர் உலகம் உண்டு, நோட்டு நிறைய வரைந்து வைத்திருக்கிறாள். அங்கே தீவுகள் காற்றில் மிதக்கும், அடியில் கடல் கிடையாது. தீவுக்குத் தீவு அலைவது பனியாலான உயிர்கள். விளக்கை விழுங்கியதுபோல் உள்ளேயிருந்து ஒளி வரும். கால் இல்லை, பசி இல்லை. ஒரே ஒரு விதி: தரையைத் தொட்டால் தண்ணீராகிவிடும். மற்றதையெல்லாம் வாரம் ஒருமுறை மாற்றுவாள், இதை மட்டும் மாற்ற மாட்டாள்.

கோயிலுக்குப் போகும்போது இந்த நோட்டு எதற்கு என்று தங்கை சலித்துக்கொண்டாள். எனக்கு அது குறையாகப் படவில்லை. பொன்னிலும் வெள்ளியிலும் இரும்பிலும் மூன்று கோட்டைகள் வானத்தில் பறந்து திரிந்ததும் சிவன் அவற்றை எரித்ததும் நாம் பாட்டிமாரிடம் கேட்டதுதானே? மலைகளுக்குச் சிறகு இருந்தது, இந்திரன் வெட்ட வந்தபோது மைநாகம் மட்டும் கடலுக்குள் போய் ஒளிந்துகொண்டது என்று காரில் போகும்போது சொன்னேன். "அப்போ மொரீஷியஸும் ஒளிஞ்சிக்கிட்ட மலையா பெரியம்மா?" என்றாள். கடலடி எரிமலை குவிந்து எழுந்த தீவு இது என்று பள்ளியில் படித்திருக்கிறாள். இரண்டும் அவளுக்குள் சண்டையில்லாமல் இருக்கின்றன.

வாக்வாவில் வண்டியை நிறுத்திவிட்டு நடந்தோம். தீவின் பல மூலைகளிலிருந்தும் வெள்ளை உடுத்து, காகிதப் பூவும் கண்ணாடித் துண்டும் ஒட்டிய கன்வரைத் தோளில் தூக்கிக்கொண்டு கூட்டம் கூட்டமாக வருகிறார்கள். நம் காவடிக்கு உறவுக்காரன் அந்தக் கன்வர். சில கன்வர்கள் வீடு அளவுக்கு வளர்ந்துவிட்டன, அந்த ஆடம்பரம் எனக்குப் பிடிக்கவில்லை. பந்தல் போட்டுத் தேநீரும் பழமும் சும்மா கொடுப்பவர்களைத்தான் பிடித்தது. வேண்டாம் என்றாலும் விடமாட்டார்கள்.

மார் ஓ வாக்வா நீர்த்தேக்கத்தை நெருங்கியபோது பனி இறங்கிவிட்டது. எதிரே வருகிறவர்கள் கையில் டார்ச். பனித்துளி ஒவ்வொன்றும் வெளிச்சத்தைப் பிடித்துச் சிதறடிப்பதால் ஆள் தெரியாது, ஆள் உயரத்துக்கு ஒரு வெள்ளை ஒளி மட்டும் அசைந்து வரும். பின்னால் ஒரு வேன் வந்தால் நம் நிழலே எழுந்து முன்னே பனியில் நிற்கும், ராட்சச உயரத்துக்கு. "உன் பனி உயிர்கள் வந்தாச்சு" என்றேன். அவள் கூர்ந்து பார்த்துவிட்டு, "இல்லை. இவங்களுக்குக் கால் இருக்கு. கொப்புளம்கூட இருக்கு" என்றாள். சரிதான், பக்கத்தில் ஒருவர் செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு நொண்டி நொண்டித்தான் வந்துகொண்டிருந்தார்.

ஏரிக்கரையில் கொஞ்சம் உட்கார்ந்தோம். 108 அடி மங்கள மகாதேவர், 2007இல் திறந்த சிலை, பனிக்குள் காணாமல் போயிருந்தார். தண்ணீர் நடுவே உள்ள சின்னத் திட்டு கரையோடும் நீரோடும் ஒட்டாமல் அந்தரத்தில் தெரிந்தது. அவள் நோட்டை எடுத்துவிட்டாள். நான் தலபுராணத்தைச் சொன்னேன். சிவனும் பார்வதியும் உலகத்தைச் சுற்றிவரும்போது இங்கே இறங்கினார்கள். இறங்கும்போது அவர் தலையிலிருந்த கங்கை சில துளி சிந்தி ஏரியானாள். ஆளில்லாத தீவில் என்னை விட்டுப்போகிறீர்களே என்று கங்கை வருந்தினாளாம். உன் கரையில் வாழ்கிறவர்கள் ஒருநாள் கடல் தாண்டி இங்கே வருவார்கள், வருஷா வருஷம் உன்னைத் தேடி வருவார்கள் என்றாராம் சிவன். அவள் பேனாவை நிறுத்தினாள். "வானத்திலிருந்து இறங்கித் தரையைத் தொட்டாங்க, தண்ணீர் ஆயிட்டாங்க. என் விதிதான் பெரியம்மா!"

நான் அப்படி யோசித்ததே இல்லை.

கதை ஒருபுறம் இருக்க, வழியைத் திறந்தவர் த்ரியோலே ஊர்ப் பூசாரி ஜும்மோன் கிரி கோசாய்ன். இந்த நீரில் கங்கை ஊறுகிறாள் என்று 1897இல் கனவு கண்டார். அடுத்த வருஷமே ஆட்கள் நடந்து வந்தார்கள். 1972இல் கங்கை பிறக்கும் கோமுகத்திலிருந்து நீரைக் கொண்டுவந்து கலந்தார்கள், கங்கா தலாவ் என்ற பெயரும் நிலைத்தது. எங்கள் வீட்டில் தைப்பூசக் காவடிதான் பெரிது, சிவராத்திரி அதற்கு அப்புறம்தான். கங்கைக் கரைக்காரர்களுக்குச் சொன்ன வாக்கில் காவிரிக்காரர்கள் எங்கே வருகிறோம் என்று எனக்கு எப்போதும் ஒரு கேள்வி உண்டு. படித்துறையில் அதை யாரும் கேட்கவில்லை. போஜ்புரிப் பாட்டி ஒருவர் நகர்ந்து இடம் கொடுத்தார், தன் கற்பூரத்தில் பாதியையும் கொடுத்தார். ஒலிபெருக்கி சத்தத்தில் என் நமசிவாய எனக்கே கேட்கவில்லை. ஆனாலும் கண் நிறைந்தது.

செம்பில் தண்ணீர் எடுத்துவந்து எங்கள் ஊர்க் கோயில் லிங்கத்துக்கு ஊற்றினோம். இவள்தான் ஊற்றினாள், துளி சிந்தாமல், நாக்கைக் கடித்துக்கொண்டு.

அடுத்த வருஷம் வீட்டிலிருந்தே நடந்து போகலாம் என்கிறாள். அவள் அம்மா இன்னும் சம்மதிக்கவில்லை. நான் கடிக்காத செருப்பாகப் பார்க்க ஆரம்பித்துவிட்டேன்.