எதிர்ப்பிடி: அறை ஆளைப் பிடித்துக்கொள்ளும்போது

சுரத்தைப் பாடிப் பொருளை ஆளும் பிடிகாரர்கள் வாழ்கிற, நாங்கள் கதைக்காகக் கட்டிவரும் சுரப்பிடி உலகத்தில் ஆள் சாவது சத்தம் கூடுவதால் அல்ல. பாடுவது திடீரென்று சுலபமாகிவிடுவதால். இந்த உலகத்தை வைத்துக் கதை எழுதுகிறவர்கள் எதிர்ப்பிடியை, அதாவது பாடுகிறவரை அறையே பிடித்துக்கொள்வதை, ஒரு வெடிப்பாகவே எழுதுகிறார்கள். அது அப்படி வராது, சுகமாகத்தான் வரும். அதனால்தான் கொல்கிறது.

விதி இதுதான். பொருளுக்குரிய சுரத்தைப் பிடிகாரர் அசையாமல் பாடினால் பொருள் சொன்னபடி கேட்கும். மங்கில், அதாவது பால் சேர்க்கும் கிண்ணத்தில், இருக்கும் கித்தாப் பால் (ரப்பர் பால்) உறையாமல் நிற்கும். அதற்கு அவர் கொடுக்கும் கூலி, மூச்சு. ஆனால் அவர் எவ்வளவு பாடினார் என்று பொருள் பார்ப்பதில்லை. தன்மீது எவ்வளவு அதிர்வு சேர்ந்தது என்றுதான் பார்க்கும். திறந்த வெளியில் இரண்டும் ஏறக்குறைய ஒன்று. மூடிய அறையில் இல்லை. அறைக்கும் சொந்தச் சுரம் உண்டு. அதில் போய் நின்றால் சுவரில் பட்டுத் திரும்பும் ஒலி புது ஒலியோடு சேர்ந்துகொண்டே போகும். கால் மூச்சு பாடியவர் கணக்கில் நாலு மூச்சு ஏறும்.

கதை நடப்பது மலேசியாவின் சுங்கை சிப்புட்டை ஒட்டிய ஒரு கற்பனைத் தோட்டத்து டவுனில். அங்குள்ள லயத்து (தொழிலாளர் குடியிருப்பு வரிசை) வீட்டு அறையையே எடுத்துக்கொள்வோம்: செங்கல் சுவர், சிமெண்ட் தரை, உள்நீளம் 3.5 மீட்டர். ஒலியின் வேகத்தை நீளத்தின் இரு மடங்கால் வகுத்தால் அறையின் முதல் சுரம் கிடைக்கும். 30 டிகிரி வெப்பத்தில் வேகம் நொடிக்குச் சுமார் 349 மீட்டர். ஆக முதல் சுரம் 50 ஹெர்ட்ஸ். மனிதக் குரல் அவ்வளவு கீழே போகாது என்று பலரும் அங்கேயே விட்டுவிடுகிறார்கள். ஆபத்து அதன் இரு மடங்கான அடுத்த படியில், 100 ஹெர்ட்ஸில் இருக்கிறது. ஒரு கட்டை சுருதியில் பாடும் ஆணின் மந்தர (கீழ் ஸ்தாயி) பஞ்சமம் 98.

நேரத்தையும் பாருங்கள். வெயிலில் தகரக் கூரை காய்ந்து அறை 36 டிகிரியாக இருந்தால் இந்த இரண்டாம் படி 101க்கு ஏறிவிடும். விடியற்காலை 22 டிகிரியில் 98.5க்கு இறங்கி, பஞ்சமத்தின் மேலேயே வந்து உட்காரும். அதே ஆள், அதே அறை, அதே பாட்டு. மத்தியானம் ஒன்றும் ஆகாது, விடியலில் தோட்டத்து ஆட்களைப் பெயர் கூப்பிடும் பெரட்டு நேரத்தில் ஆள் போய்விடுவார். கதையில் இதைவிட நல்ல முடிச்சு கிடையாது.

அறிகுறிகள் வரிசையாக வரும். முதலில் விம்மல், அதாவது ஒலி மாறி மாறிக் கூடிக் குறைவது. சுருதிப் பெட்டியைப் பஞ்சமத்தில் வைத்தால் பாடகர் குரலுக்கும் அதற்கும் உள்ள இடைவெளி விம்மலாகக் கேட்கும். நொடிக்கு மூன்று விம்மல் என்றால் மூன்று ஹெர்ட்ஸ் விலகல். விம்மல் மெதுவாகிக்கொண்டே போனால் குரல் இழுபடுகிறது என்று பொருள். அடுத்து, தகரத்து ஆணிகள் கிர்ரென்னும். அதற்குப் பிறகு பாடகர் முகத்தில் ஒரு தெளிவு வரும். அதைத்தான் பயந்து பார்க்க வேண்டும். உள்மூச்சு குறைந்துகொண்டிருக்கும், ஆனால் குரல் கொழுத்துக்கொண்டிருக்கும்.

காவலுக்கு ஒரு பிஸ்கட் டின் போதும். வாயில் மெல்லிய ரப்பரை இழுத்துக் கட்டி, மேலே ஒரு சிட்டிகைப் பொடி உப்பைத் தூவி, சுவரை ஒட்டி வையுங்கள். நடு அறையிலிருந்து நீளத்தில் கால் பங்கு தள்ளி வைத்தால் அங்கே அழுத்தம் ஏறாது, உப்பு சும்மா கிடக்கும், ஏமாந்துபோவீர்கள். சுவரோரம் உப்பு குதிக்கத் தொடங்கினால் பாட்டை மாற்ற வேண்டும்.

அந்தக் கால் பங்குக் கோடுதான் பாடகருக்கு உயிர்க்கோடு. இரண்டாம் படியில் அழுத்தம் உச்சத்தில் இருப்பது இரு சுவரோரத்திலும் நடுவிலும். சுவரிலிருந்து சுமார் 88 சென்டிமீட்டரில் அழுத்தம் இல்லை. அங்கே நின்று பாடினால் அறை எழாது. சடங்கு என்று நடு வீட்டில் நிறுத்திப் பாடவைப்பது ஆளைக் கொண்டுபோய்க் கொடுப்பதுதான். சாக்கை ஈரமாக்கிச் சுவரில் அறைவதும் வீண். சுவரோரம் காற்று நகர்வதே இல்லை, சாக்கு எதைத் தின்னும்? அதே 88 சென்டிமீட்டரில், தடித்த கோணியை இரண்டு மூன்று மடிப்பாகத் தொங்கவிட்டால் ஓரளவு உறிஞ்சும்.

இழுபட்டது தெரிந்ததும் மேல் ஸ்தாயிக்குத் தாவக்கூடாது. மத்திய ஸ்தாயிப் பஞ்சமம் 196, நாலாம் படி 200. ஒரு குழியிலிருந்து இன்னொன்றில் விழுவது போலத்தான். ஆதார ஷட்ஜம் 131, இரண்டாம் படி 100க்கும் மூன்றாம் படி 150க்கும் நடுவில் கிடக்கிறது. இந்த அறைக்கு அதுதான் கரை. அகலத்தின் கணக்கை மறக்காதீர்கள். 3 மீட்டர் அகலம் என்றால் அங்கே இரண்டாம் படி 116, ஆகவே ஷட்ஜத்திலிருந்து கீழே சறுக்கக் கூடாது.

கூட்டுப் பாட்டு இன்னும் மோசம். 2000 ஜூனில் லண்டனில் திறந்த மில்லேனியம் பாலம் பக்கவாட்டில் ஆடியபோது, நடந்தவர்கள் விழாமல் இருக்கக் காலை மாற்றி வைத்தார்கள். அந்தக் காலடிகளே ஆட்டத்தை வளர்த்தன. இரண்டே நாளில் மூடி, அதிர்வைத் தணிக்கும் கருவிகளைப் பொருத்தி 2002இல் திறந்தார்கள். பாடகர்களும் அப்படித்தான், எந்தச் சுரம் நிறைவாகக் கேட்கிறதோ அதை நோக்கித் தாமாகவே சாய்வார்கள். எனவே எங்கள் உலகத்தில் மூன்று பேருக்கு மேல் பாடினால் ஒருவர் பாடாமல் வாசலில் நிற்பார். அவர் கையில் கதவுத் தாழ் இருக்கும். பிடிபட்டவரை முதலில் தொடவோ கூப்பிடவோ கூடாது. கதவையும் ஜன்னலையும் திறந்து, சேர்ந்த ஒலி வெளியேறி ஆணிச் சத்தம் நின்ற பிறகுதான் தோளைத் தொட வேண்டும்.